உங்க தெரு எப்படி எழுதுது, எப்படிப் படிக்குது: நீங்களே கணக்கெடுக்க ஒரு முழு வழிகாட்டி

எங்க அப்பாயிக்கு (அப்பாவோட அம்மா) எழுதப் படிக்கத் தெரியாது. 2011ல சென்சஸ் எடுக்க வந்த டீச்சர் கேட்டப்ப "நமக்கு எங்க தாயி, கைநாட்டு தான்"னு அதுவே சொல்லி சிரிச்சுது. சென்சஸ் கணக்குல ஏழு வயசும் அதுக்கு மேலயும் ஆனவங்க ஏதாவது ஒரு மொழில புரிஞ்சு படிக்கவும் எழுதவும் தெரிஞ்சா ஒரு கட்டம், இல்லாட்டி இன்னொரு கட்டம், அவ்வளவுதான். தமிழ்நாட்டுக்கு 80.09 சதவீதம்னு வந்துச்சு, அப்பாயி மிச்ச இருபதுல போயிருச்சு.

ஆனா எங்க வீட்ல மொய் நோட்டு மொத்தம் பதினொன்னு, அத்தனையும் அப்பாயி கண்ட்ரோல்ல தான் இருக்கு. யார் வீட்டு பத்திரிகை வந்தாலும் என்னை கூப்பிட்டு "டேய் தம்பி, அந்த பச்ச அட்ட நோட்ட எடு, அதுல குழம்பு கொட்டுன பக்கம் ஒண்ணு இருக்கும், அதுக்கு அடுத்த பக்கம், கீழேர்ந்து மூணாவது ஆளு"ன்னு சொல்லும். எடுத்துப் பாத்தா கரெக்டா அந்த ஆளு, அந்த ரூபா. எழுத்துக்கூட்டி வாசிக்கிறது நானு, எங்க என்ன இருக்குன்னு தெரிஞ்சது அதுக்கு. இப்ப சொல்லுங்க, அந்த நோட்ட படிச்சது யாரு?

காலேஜ்ல ஒரு ப்ராஜெக்ட்டுக்காக எங்க தெருவுல 40 வீட்டுக்கு ஃபார்ம் எடுத்துட்டுப் போனேன், "எழுதப் படிக்கத் தெரியுமா", "வாரம் எத்தன புத்தகம் படிப்பீங்க" இந்த மாதிரி கேள்வி. எல்லாரும் மரியாதைக்கு ஏதோ டிக் போட்டுக் குடுத்தாங்க. கடைசில பாத்தா எங்க தெருவுல யாரும் எதுவும் படிக்கிறதும் இல்ல எழுதுறதும் இல்லன்னு ரிசல்ட் வருது, வெளில வந்து பாத்தா சுவர் பூரா எழுத்து, டீக்கடையில நாலு பேரு பேப்பர், மொய், கோயில் வரி நோட்டு, மகளிர் குழு நோட்டுன்னு ஊரே எழுதிக்கிட்டு கெடக்கு. ஃபார்ம தூக்கிப் போட்டுட்டு வேற மாதிரி ஆரம்பிச்சேன். அப்புறம் மூணு வருஷமா விட்டு விட்டு செஞ்சுட்டு இருக்கேன், நாலஞ்சு ஃப்ரெண்ட்ஸ் அவங்க ஊர்லயும் செஞ்சாங்க. அவங்க கேட்ட கேள்விக்கெல்லாம் சேத்து ஒரே இடத்துல எழுதிரலாம்னு தான் இது.

ஒரு சின்ன பின்னணி சொல்லிடுறேன், தியரி இதோட முடிஞ்சுரும். பிரையன் ஸ்ட்ரீட்னு ஒரு மானுடவியல் ஆளு, 1970கள்ல ஈரான்ல மலைக்கிராமத்துல போய் தங்குறாரு. அங்க பள்ளிக்கூடம் வர்றதுக்கு முன்னாடியே மக்தப்ல (குர்ஆன் ஓதக் கத்துக் குடுக்குற எடம்) குர்ஆன் ஓதப் பழகுனவங்க, அந்தப் பழக்கத்த வச்சே பழ வியாபாரத்துக்கு கணக்கு, ரசீது எல்லாம் எழுதி பெரிய அளவுல வியாபாரம் பண்ணிட்டு இருந்தாங்க. அரசாங்க கணக்குல அவங்க பின்தங்குனவங்க. எழுத்துங்கறது எங்கயும் ஒரே மாதிரி இருக்குற ஒரு தெறமை கெடையாது, அந்தந்த ஊரு அத எதுக்கு, யாரு மூலமா பயன்படுத்துதுன்னு பாக்கணும்னு 1984ல எழுதுனாரு. பழ வியாபாரிக்கு பதிலா மொய் நோட்டு வச்சிருக்க எங்க அப்பாயிய போட்டுக்கங்க, அதே கதை.

படி 1: எடத்த சுருக்குங்க

எல்லாரும் பண்ற முதல் தப்பு "எங்க ஊர் முழுக்க எடுக்கப் போறேன்"னு கெளம்புறது. வேணாம். ஒரு தெரு, இல்ல ஒரு டீக்கடை, இல்ல ஒரு கல்யாணம். நான் எடுத்தது எங்க தெருவும் தெருமுனையில இருக்க டீக்கடையும், நடந்தா நாலு நிமிஷம். அதுக்கே ஒரு வருஷம் பத்தல.

கையில ஒரு 80 பக்க நோட்டு, ஒரு பேனா, போன். ஆப் எதுவும் வேண்டியதில்ல. போன்ல டைப் பண்ணிட்டு இருந்தா நீங்க வாட்ஸ்அப் பாக்குறீங்கன்னு நெனச்சுக்குவாங்க, அது சில எடத்துல வசதி, சில எடத்துல மரியாதைக் குறைவு, அது உங்க முடிவு.

படி 2: கண்ணுல படுற எழுத்த எடுங்க

மொத நாள் சும்மா நடங்க, எழுத்து இருக்குற எல்லாத்தையும் போட்டோ எடுங்க. கடை போர்டு, கட்சி சுவர் விளம்பரம், ஃப்ளெக்ஸ், கண்ணீர் அஞ்சலி போஸ்டர், "இங்கு குப்பை கொட்டாதீர்", வாசல்ல "அம்மா இல்லம்", ஆட்டோ பின்னாடி வாசகம், டிரான்ஸ்ஃபார்மர்ல எழுதுன காதல், ரேஷன் கடை கரும்பலகையில இருப்பு. எழுத்த மட்டும் க்ளோசப்ல எடுக்காதீங்க, ஒரு போட்டோ தள்ளி நின்னு முழு சுவரும், அது எந்தப் பக்கம் பாத்து இருக்குன்னும் தெரியற மாதிரி எடுங்க. பஸ் ஸ்டாப் பாத்த சுவருக்கும் சந்துக்குள்ள இருக்க சுவருக்கும் வெல வேற.

ஒவ்வொண்ணுக்கும் நோட்டுல மூணு கேள்வி: காசு குடுத்தது யாரு, எழுதுனது யாரு, யாரு படிக்கணும்னு எழுதுனாங்க. இதுல மூணாவது தான் கஷ்டம். ஒரு காதணி விழா ஃப்ளெக்ஸ எடுத்துக்கங்க, நடுவுல புள்ள போட்டோ சின்னதா இருக்கும், கீழ தபால்தலை சைஸ்ல அறுபது மூஞ்சி, ஒவ்வொண்ணுக்கும் கீழ பேரு. அந்த பேர ரோட்டுல போற எவனும் படிக்க மாட்டான், படிக்கவும் முடியாது, ஆனா அதுல இருக்குற அறுபது பேரும் வந்து அவங்க மூஞ்சிய தேடிப் பாத்துட்டுப் போவாங்க, அதவிட முக்கியமா அதுல இல்லாத ஆளு தன் மூஞ்சி இல்லன்னு கண்டிப்பா பாத்துருவாரு. எங்க தெருவுல ரெண்டு குடும்பம் பேச்சுவார்த்த இல்லாம போனது ஒரு ஃப்ளெக்ஸ்ல ஒரு சித்தப்பா மூஞ்சி விட்டுப் போனதால தான். டிசைன் பண்ண பையன் பாவம், இன்னிக்கும் அந்தப் பக்கம் வண்டிய திருப்ப மாட்டான்.

எழுத்தோட வயச கண்டுபுடிக்க ஒரு ஈசியான வழி இருக்கு. 1978 அக்டோபர்ல எம்ஜிஆர் அரசு எழுத்துச் சீர்திருத்தத்த கொண்டு வந்துச்சு, பெரியார் 1935லேர்ந்து தன் பத்திரிகையில பயன்படுத்துனது தான். அதுக்கு முன்னாடி ணா, றா, னா, ணொ, றொ, னொ, ணோ, றோ, னோ, ணை, லை, ளை, னை இந்த பதிமூணு எழுத்தும் வேற வடிவத்துல இருந்துச்சு, "லை"க்கு முன்னாடி தும்பிக்கை மாதிரி ஒரு வளைவு போகும் பாருங்க, அது. பழைய அரிசி மில், சத்திரம், கெணத்து மேட்டுல பதிச்ச கல்லுன்னு அந்த தும்பிக்கை "லை"ய பாத்தீங்கன்னா ஒண்ணு 78க்கு முந்துனது, இல்ல அதுக்கு முன்னாடி பள்ளிக்கூடம் போன ஒருத்தர் கை. வீட்டு நோட்டுலயும் இத பாக்கலாம், எங்க தாத்தா 1990கள்லயும் தும்பிக்க தான் போட்டாரு.

சுவர் எழுத்துல ஒண்ணு மேல ஒண்ணு வரும், சுண்ணாம்பு உரிஞ்ச எடத்துல பழைய கட்சி சின்னம் எட்டிப் பாக்கும். அதையும் விடாதீங்க. ஒரு எச்சரிக்கை: ஃப்ளெக்ஸ போட்டோ எடுத்தா சில பேரு சண்டைக்கு வருவாங்க, கம்ப்ளைன்ட் குடுக்க எடுக்குறீங்கன்னு. எனக்கு ஒருத்தர் போன புடுங்கப் பாத்தாரு. எடுக்குறதுக்கு முன்னாடி பக்கத்து கடையில ஒரு டீ சொல்லிட்டு, எதுக்குன்னு சொல்லிட்டு எடுங்க, பிரச்சன வராது.

படி 3: பேப்பர பாக்காதீங்க, பேப்பர சுத்தி நடக்குறத பாருங்க

டீக்கடையில ஒரு வாரம் உக்காருங்க, காலைல ஆறுலேர்ந்து எட்டு வரைக்கும். தினத்தந்தி 1942ல மதுரையில சி.பா.ஆதித்தனார் ஆரம்பிச்சது, சின்ன வாக்கியம், பேசுற மாதிரி தமிழ், எழுத்துக்கூட்டி படிக்கிறவனும் படிக்கணும்னு எழுதுனாங்க, டீக்கடைக்கும் தந்திக்கும் உள்ள உறவு அப்ப புடிச்சது. எங்க கடையில ஒரே ஒரு பேப்பர் தான் வாங்குவாரு. அது வந்த அஞ்சு நிமிஷத்துல தாள் தாளா பிரிஞ்சுரும். நடுத்தாள் பெஞ்சுல, விளையாட்டு பக்கம் பசங்ககிட்ட, மொத பக்கம் ஒரு ரிட்டயர்டு ஆளு கையில. அவரு மனசுக்குள்ள படிக்க மாட்டாரு, சத்தமா படிப்பாரு, தலைப்ப படிச்சுட்டு ரெண்டு வரி, அப்புறம் அவரோட கருத்து, அப்புறம் மறுபடி ரெண்டு வரி. வடை போடுற அண்ணன் எண்ணெய்ச் சட்டிய பாத்துக்கிட்டே "எந்த ஊர்லங்க?"னு கேப்பாரு. அந்த அண்ணன் பேப்பர கையில தொட்டதே இல்ல, கேட்டா "நான் பேப்பர் படிக்கிறதில்லீங்க"ன்னு தான் சொல்லுவாரு, ஆனா நேத்து நடந்த செய்தி எல்லாம் ஊர் பேரோட அவருக்கு அத்துப்படி.

நோட்டுல என்ன எழுதணும்: யாரு கையில மொத போகுது, யாரு சத்தமா படிக்கிறா, எந்த எடத்துல நிறுத்துறா, யாரு குறுக்க பேசலாம், யாரு கேட்டுட்டு மட்டும் இருக்கா. பொம்பளைங்க எப்ப வர்றாங்க, வந்தா பெஞ்சுல உக்காருறாங்களா, பார்சல் வாங்கிட்டுப் போறாங்களா. எங்க கடையில ஒரு வாரத்துல ஒரு பொம்பள கையிலகூட பேப்பர் போகல, ஆனா மறுநாள் அதே பேப்பர் பஜ்ஜி மடிச்சு வீட்டுக்குப் போனப்ப எங்க பெரியம்மா எண்ணெ கறையோட ராசிபலன் படிச்சுது. நேத்து பலன் தான், அது அத பெருசா எடுத்துக்கல.

சாதிய இதுல தவிர்க்கவே முடியாது, தவிர்த்தீங்கன்னா பொய்க்கணக்கு தான் வரும். யாரு உக்காந்து பேப்பர் படிக்கிறா, யாரு நின்னுகிட்டே கேக்குறா, யாரு அந்தக் கடைக்கு வராம அவங்க தெருவுல தனியா ஒரு படிப்பகம் வச்சிருக்காங்கன்னு பாருங்க. கோயில் வரி நோட்டுல யாரோட வரிய வாங்குறாங்க, யாரோடத வாங்க மாட்டேங்குறாங்கன்னு பாத்தா ஊர்ல யாரு "ஊர்க்காரன்"னு அந்த ஒரு நோட்டே சொல்லிரும். அதுல பேரு எழுதணும்னு கேட்டு பெரிய பெரிய பிரச்சனையெல்லாம் ஆகியிருக்கு. பேரு எழுதுறது அவ்ளோ சின்ன விஷயம் இல்ல.

படி 4: வீட்டுப் பெட்டி

இது தான் நெறைய நேரம் எடுக்கும், நெறைய கெடைக்கும். ஒவ்வொரு வீட்லயும் ஒரு டிரங்கு பெட்டியோ, பீரோவுல மேல்தட்டோ, மஞ்சப்பையோ இருக்கும். எங்க வீட்டுப் பைய கொட்டுனா: பத்திரம், பட்டா, ரேஷன் கார்டு பழசு ரெண்டு, ஜாதகம், கரண்ட் பில் கட்டு, எல்ஐசி, சிங்கப்பூர்லேர்ந்து பெரியப்பா போட்ட ஏர்மெயில் பதினாலு, ஒரு பெரிய எழுத்து கதை புத்தகம் அட்ட இல்லாம, அத்தையோட பத்தாவது மார்க் ஷீட்டு, அப்புறம் மொய் நோட்டு.

என்ன இல்லன்னும் பாருங்க. கருமாதி பத்திரிகை ஒண்ணுகூட இருக்காது. கல்யாண பத்திரிகைக்கு நாலு மூலையிலயும் மஞ்சள் தடவி பூஜை ரூம்ல வைப்பாங்க, சாவு சேதி வந்த தாள படிச்சதும் கிழிச்சிப் போட்டுருவாங்க, இல்லாட்டி வெளி எறவானத்துல சொருகிருவாங்க, வீட்டுக்குள்ள வரவே விடமாட்டாங்க. ஒரு தாள எப்படி தொடறாங்கங்கறதும் படிக்கிறதுல சேத்தி தான்.

தாளோட தலைய பாருங்க. "உ"ன்னு பிள்ளையார் சுழி இருக்கா, 786 இருக்கா, சிலுவை இருக்கா. பழைய கடை பேரேடு கெடைச்சா எண்ணெல்லாம் ௧, ௨, ௩ன்னு தமிழ்ல இருக்கலாம், கூடவே ௳ நாள், ௴ மாசம், ௵ வருஷம், ௶ பற்று, ௷ வரவு, ௸ மேற்படி, ௹ ரூபாய். மொத தடவ பாத்தா ஏதோ கிறுக்கல் மாதிரி இருக்கும், இந்த ஏழு குறியும் தெரிஞ்சா பாதி நோட்டு தொறந்துரும்.

இப்ப மொய் நோட்டு. எங்க பக்கம், புதுக்கோட்டை ஜில்லா கீரமங்கலம், ஆலங்குடி, அந்தப் பக்கம் தஞ்சாவூர் ஜில்லா பேராவூரணி, இங்கெல்லாம் ஆடி மாசம் ஆனா மொய் விருந்து களை கட்டும். கல்யாணம் காதுகுத்து எதுவும் இல்லாம, மொய் வாங்குறதுக்குன்னே பல குடும்பம் சேந்து பத்திரிகை அடிச்சு, பந்தல் போட்டு, கறிசோறு போடுவாங்க. ஒருத்தர் வச்சா மறுபடி வைக்க அஞ்சு வருஷம் ஆகும்னு ஒரு கணக்கு. லட்சக்கணக்குல பணம் பொழங்கும், இதுக்கு பத்திரம் கெடையாது, ஜாமீன் கெடையாது, ஒரு நோட்டு தான். நோட்டுல எழுதுனது நிக்கும், அவ்வளவுதான் சட்டம். இப்ப லேப்டாப், பில் மெஷின்லாம் வந்துருச்சு, பணம் குடுத்ததும் ரசீது வரும், போனுக்கு மெசேஜ் வரும், ஆனா பக்கத்துல ஒரு ஆளு கையால எழுதிட்டு தான் இருப்பாரு. மெஷின நம்பாம இல்ல, நோட்டு இருந்தா தான் மனசு ஆறும்.

ஒரு வரிய எப்படி படிக்கிறதுன்னு காட்டுறேன், பேரு ஊரு மாத்திருக்கேன்:

"வடக்குத்தெரு மா. கருப்பையா மகன் சின்னத்தம்பி (லாரி), ப.ந 2000, பு.ந 1000 = 3000"

நமக்கு சர்நேம் கெடையாது, அதனால ஒரு சின்னத்தம்பிய மத்த ஒம்பது சின்னத்தம்பிகிட்டேர்ந்து பிரிக்க தெரு, இனிஷியல், அப்பா பேரு, தொழில் எல்லாம் வேணும். "லாரி"ன்னா லாரி ஓட்டுறவர், இப்ப அவரு பெட்டிக்கடை வச்சிருக்காரு, நோட்டுல இன்னும் லாரி தான். ப.ந பழைய நடை, அதாவது நாம அவருக்கு செஞ்சத திருப்பிட்டாரு. பு.ந புது நடை, இது இனிமே நாம அவருக்கு செய்ய வேண்டியது. ஆக இந்த ஒரு வரியில ஒரு பழைய கடன் முடியுது, ஒரு புதுக் கடன் ஆரம்பிக்குது. ப.ந மட்டும் இருந்து பு.ந இல்லாட்டி அந்த ஆளு உறவ முடிச்சுக்குறாருன்னு அர்த்தம், அப்பாயி இத கேட்டதும் மூஞ்சி மாறும். "என்னடா வெறும் பழசு மட்டுமா?"ன்னு ரெண்டு தடவ கேக்கும்.

யாரு எழுதுறாங்கன்னும் பாருங்க. கையெழுத்து நல்லாருக்க பள்ளிக்கூடத்து பையன உக்கார வைப்பாங்க, பக்கத்துல பணம் எண்ணி வாங்குறது ஒரு பெரிய மனுசன். பையனுக்கு எழுத்து தெரியும், ஆள தெரியாது. பெரிய மனுசன் சில சமயம் கைநாட்டா இருப்பாரு, ஆனா வர்றவன் யாரு மகன், எந்த வகை, முன்னாடி எவ்ளோ செஞ்சான்னு அவருக்கு தான் தெரியும், அவரு சொல்லச் சொல்ல பையன் எழுதுவான். நானே எட்டாவது படிக்கிறப்ப உக்காந்துருக்கேன். ஒரு பேரு தப்பா எழுதிட்டேன், செல்லையாவுக்கு பதிலா செல்லப்பா. அஞ்சு வருஷம் கழிச்சு அது வந்து நின்னுச்சு, செல்லையா வீட்ல பத்திரிகை வச்சப்ப நோட்டுல அவரு பேரே இல்ல. அப்பாயி தான் "அவன் வெள்ள சட்ட போட்டுட்டு மழையில வந்தான்டா, அந்த எடத்துல பாரு"ன்னுச்சு. அங்க செல்லப்பா இருந்தாரு.

பெட்டிய தொறக்கச் சொல்ற முறை: நேரா "உங்க டாக்குமெண்ட்ஸ் காட்டுங்க"ன்னா யாரும் காட்ட மாட்டாங்க, காட்டவும் கூடாது. மொத உங்க வீட்டுப் பைய பண்ணுங்க. அப்புறம் உங்க வீட்ல கெடைச்ச ஒரு பழைய பத்திரிகைய எடுத்துட்டுப் போய் "இது யாரு கல்யாணம் அத்த?"ன்னு கேளுங்க. அவங்களே எழுந்து போய் அவங்க பைய எடுத்துட்டு வருவாங்க. பத்திரம், பேங்க் பாஸ்புக், ஆதார் இத மட்டும் போட்டோ எடுக்காதீங்க, அவங்களே சரின்னு சொன்னாலும்.

படி 5: யாரு யாருக்காக படிக்கிறா

எனக்கு ரொம்ப புடிச்ச படி இது. ஒரு பெரிய தாள்ல உங்க தெரு வீடெல்லாம் கட்டம் போட்டு வரைங்க. ஒவ்வொரு வீட்லயும் கேளுங்க: கடைசியா இங்கிலீஷ்ல ஒரு லெட்டரோ மெசேஜோ வந்தப்ப யாருகிட்ட காட்டுனீங்க? மனு எழுத யாரு? ஆன்லைன்ல ஏதாச்சும் பதியணும்னா யாரு? ஜாதகம் யாரு பாத்து சொல்றா? மாத்திரை அட்டைய யாரு பாத்து குடுக்குறா? ஒவ்வொண்ணுக்கும் ஒரு கோடு. எங்க தெருவுல கோடு எல்லாம் மூணு வீட்டுக்கு தான் போச்சு: ஒரு அங்கன்வாடி அக்கா, ஒரு பன்னெண்டாவது படிக்கிற பொண்ணு, இன்னொண்ணு மெடிக்கல் ஷாப்ல வேல பாக்குற தம்பி. அந்த பன்னெண்டாவது பொண்ணு தான் எங்க தெருவோட பாதி ரகசியத்துக்கு சாட்சி, எல்லாரோட ஓடிபியும் அதுகிட்ட தான் வருது.

தெருவ தாண்டி போற கோடு ஒண்ணு கலெக்டர் ஆபீஸ்ல போய் முடியும். திங்கக்கெழம குறைதீர்க்கும் நாள் அன்னிக்கு காலைல போய் வாசல்ல பாருங்க, மரத்தடியில மனு எழுதுறவங்க அட்டைய மடியில வச்சு உக்காந்துருப்பாங்க. நான் ஒரு நாள் முழுக்க ஒருத்தர் பக்கத்துல உக்காந்தேன், அவருகிட்டயும் வர்றவங்ககிட்டயும் கேட்டுட்டு தான். ஒரு அம்மா வந்து பத்து நிமிஷம் பேசுனாங்க: மருமக சோறு போட மாட்டேங்குறா, மகன் குடிச்சுட்டு வர்றான், பென்ஷன் மூணு மாசமா வரல, பேங்க்ல போய் நின்னா வெரல் ரேகை விழலைங்குறான், இந்த கைய பாரு சாமி, நடவு நட்டு நட்டு தேஞ்ச கை, எங்க ரேகை இருக்கும். அவரு தலைய ஆட்டி கேட்டுட்டு எழுதுனது: "நான் மேற்கண்ட முகவரியில் வசித்து வருகிறேன். எனது கணவர் காலமாகிவிட்டார். நான் ஆதரவற்ற நிலையில் உள்ளேன். கடந்த மூன்று மாதங்களாக எனக்கு முதியோர் உதவித்தொகை வரவில்லை. ஆகவே சமூகம் ஐயா அவர்கள்..." மருமக போச்சு, குடி போச்சு, தேஞ்ச கை போச்சு. படிச்சுக் காட்டுனாரு, அந்த அம்மா "நல்லா எழுதிருக்க சாமி"ன்னு அம்பது ரூபா குடுத்துட்டு கைநாட்டு வச்சாங்க. மனுவ அப்படி எழுதுனா தான் உள்ள எடுபடும்னு ரெண்டு பேருக்கும் தெரியும்.

அதனால நோட்டுப் பக்கத்த ரெண்டா மடிச்சுக்கங்க, எடது பக்கம் சொன்னது, வலது பக்கம் எழுதுனது. பத்திரம் எழுதுறவங்க, வக்கீல் குமாஸ்தா, போலீஸ் ஸ்டேஷன் ரைட்டர், எங்க எல்லாம் ஒருத்தர் பேச்ச இன்னொருத்தர் எழுத்தாக்குறாரோ அங்க எல்லாம் இந்த மடிச்ச பக்கம் வேல செய்யும்.

ஒரு சின்ன வம்பு: கைநாட்டுன்னா திட்டு நமக்கு. ஆனா இப்ப எம்.ஏ. படிச்சவனும் ரேஷன் கடையில மெஷின்ல வெரல தான் வைக்கிறான், அதுவும் மூணு தடவ தொடச்சு தொடச்சு.

கைநாட்டுன்னதும் இன்னொண்ணு. எங்க ஜில்லாவுல 1991ல பெரியவங்களுக்கு எழுத்து கத்துக் குடுக்குற அறிவொளி இயக்கம் வந்துச்சு, கலெக்டர் ஷீலா ராணி சுங்கத் இருந்தப்ப. கல்குவாரியில வேல பாத்த பொம்பளைங்க எழுத்தும் கத்துக்கிட்டாங்க, கூடவே சைக்கிளும் கத்துக்கிட்டாங்க. இப்ப அவங்களுக்கு வயசு அம்பது, அறுபது இருக்கும். உங்க தெருவுல யாராச்சும் இருந்தா "அப்ப கத்துக்கிட்டது இப்ப ஞாபகம் இருக்கா"ன்னு பரீட்ச வைக்காதீங்க, சங்கடப்படுவாங்க. "எங்கெல்லாம் கையெழுத்து போட்டீங்க"ன்னு கேளுங்க. எனக்கு கெடைச்ச பதில்: மகளிர் குழு தீர்மான நோட்டு, பேங்க் லோன், நூறு நாள் வேலை, மகன் ஸ்கூல் ரிப்போர்ட் கார்டு. ஒரு அக்கா படிக்கிறது சுத்தமா மறந்துட்டாங்க, கையெழுத்து மட்டும் நல்லா சுழிச்சு போடுறாங்க. இன்னொருத்தங்க குழுவுல ஊக்குநர், நூத்துக்கணக்குல தீர்மானம் எழுதுனவங்க, ஆனா கடைசி வரைக்கும் "எனக்கு படிப்பு இல்ல தம்பி"ன்னு தான் சொன்னாங்க.

எழுத்து பள்ளிக்கூடம் வழியா மட்டும் வர்றதும் இல்ல. கீழக்கரை, காயல்பட்டினம் பக்கம் தமிழையே அரபு எழுத்துல எழுதுற அரபுத்தமிழ் இருந்துச்சு, தமிழ் எழுத்து பழகாத பாட்டிமாருங்க அதுல பாட்டும் மார்க்கமும் படிச்சாங்க. கன்னியாகுமரி ஜில்லா சாமித்தோப்புல, அய்யா வைகுண்டர் பதியில, கார்த்திகை மாசம் பதினேழு நாள் திருஏடு (அகிலத்திரட்டு) வாசிப்பு நடக்கும், ஒருத்தர் வாசிப்பாரு, கூட்டமே கேக்கும். உங்க ஊர் திரௌபதி அம்மன் கோயில்ல பாரதம் படிக்கிறாங்கன்னா போங்க, அங்க "படிக்கிறது"ன்னா என்னன்னு பாருங்க, கேக்குறவங்க எல்லாருக்கும் கதை முன்னாடியே தெரியும், இருந்தும் ராத்திரி பூரா உக்காந்துருப்பாங்க.

படி 6: போன்

இத சுருக்கமா சொல்லிடுறேன், இதுக்கே தனியா எழுதணும். குடும்ப வாட்ஸ்அப் குரூப்ப ஒரு வாரம் கவனிங்க: யாரு டைப் பண்றா, யாரு வாய்ஸ் மட்டும், யாரு குட்மார்னிங் படம் மட்டும், யாரு எதுவுமே போடாம எல்லாத்தையும் பாக்குறா. எங்க அப்பாயி பேரன்கிட்ட போன் வாங்கி சிங்கப்பூருக்கு வாய்ஸ் நோட்டு அனுப்பும், ஆரம்பத்துல "நலம், நலமறிய ஆவல்"னு லெட்டர் மாதிரியே சொல்லும், முன்ன எங்க அத்தைய வச்சு எழுதச் சொன்ன பழக்கம். பஸ் விஷயத்தையும் இதோட எழுதிக்கங்க, முந்தி "தம்பி இது எந்த பஸ்ஸு"ன்னு கேட்ட பொம்பளைங்க 2021ல டவுன் பஸ்ல இலவசம் வந்து, அப்புறம் முன்பக்கம் பிங்க் பெயிண்டும் அடிச்சதும் தூரத்துலயே "நம்ம பஸ்ஸு"ன்னு கை காட்டுறாங்க.

படி 7: எழுதி வைக்கிறது, திருப்பிக் குடுக்குறது

அன்னன்னிக்கு பாத்தத அன்னிக்கு ராத்திரியே எழுதிருங்க, மறுநாள்னா நீங்க பாத்தது போயி நீங்க நெனச்சது தான் மிஞ்சும். தேதி, நேரம், யாரு இருந்தாங்க, அவங்க சொன்ன வார்த்த அப்படியே. "எழுத்தறிவு இல்லாதவர்"னு எங்கயும் போடாதீங்க, அதுக்கு பதிலா "பேத்தி வாசிக்க இவர் கேட்டார்", "இவர் சொல்ல பையன் எழுதினான்"னு நடந்தத எழுதுங்க, ஒரு மாசத்துல உங்க நோட்டு வேற மாதிரி ஆயிரும்.

வெளில போடுறதா இருந்தா பேர மாத்துங்க, மொய் தொகைய மறைச்சுருங்க. மொய் நோட்டு பக்கத்த நெட்ல போட்டா அது ஒரு குடும்பத்தோட கடன் லிஸ்ட்ட ஊருக்கு மாட்டுன மாதிரி. என் ஃப்ரெண்டு ஒருத்தன் அழகா இருக்குன்னு ஸ்டேட்டஸ்ல போட்டுட்டு, அவங்க மாமா போன் பண்ணி காதுல ரத்தம் வர்ற அளவுக்கு வாங்கிக் கட்டிக்கிட்டான்.

எடுத்தத அவங்களுக்கு காட்டுங்க, பிரிண்ட் போட்டு ஒரு காப்பி குடுங்க. நான் எங்க வீட்டு பதினோரு நோட்டையும் மூணு மாசம் உக்காந்து எக்செல்ல ஏத்துனேன், ஊர் வாரியா பிரிச்சு, பேர அகர வரிசையில அடுக்கி, பெரிய சாதனை பண்ண மாதிரி அப்பாயிகிட்ட கொண்டுபோய் வாசிச்சேன். நாலு பேர வாசிக்கிற வரைக்கும் அப்பாயி கேட்டுச்சு. "என்னடா இது, ஒருத்தன் பக்கத்துல ஒருத்தன் இல்ல, எல்லாரும் எடம் மாறி உக்காந்துருக்கான், எனக்கு ஒண்ணும் புரியல"ன்னுச்சு. அதுக்கு நோட்டுல இருக்குறது வரிசை, அன்னிக்கு யாரு யாருக்கு பின்னாடி வந்தாங்கங்குறது, நான் அத கலைச்சுட்டேன். அதனால நீங்க டைப் பண்ணா நோட்டுல உள்ள வரிசைய மாத்தாதீங்க, அகர வரிசை வேணும்னா தனி ஷீட்ல வச்சுக்கங்க. நான் மறுபடி மொதல்லேர்ந்து பண்ணேன், இந்த தடவ எக்செல்ல ரெண்டு காலம் (column) சேத்து: பக்க எண், அப்புறம் கறை. 47ம் பக்கம், குழம்பு.